லைன் வீட்டுக்கு மனம் கிடையாதா?

தமிழ் நாவல் ஆய்வில் ஒரு பாகுபாடு நீண்ட காலமாகக் கேள்விக்கு ஆளாகாமல் நிலைபெற்றிருக்கிறது. அக்கிரகாரத்து வீட்டில் தாயும் மகனும் முரண்பட்டால் அது உளவியல் என்று பெயர் பெறுகிறது. நகரத்து நடுத்தர வீட்டில் தந்தையும் மகளும் பேச்சை நிறுத்திக்கொண்டால் அது தலைமுறை இடைவெளி. சேரியிலோ தொழிலாளர் குடியிருப்பிலோ அதே மனக்கசப்பு நேர்ந்தால் மட்டும் அது 'சமூகச் சிக்கல்' ஆகிவிடுகிறது. முதல் இரு வீட்டாருக்கும் மனம் உண்டு. மூன்றாம் வீட்டாருக்கு நிலைமை மட்டுமே உண்டு என்பதுதான் இதன் பொருள்.

ஆய்வேட்டின் இயல் தலைப்புகளிலிருந்து கருத்தரங்க அமர்வுகள் வரை இந்தப் பங்கீடு சத்தமின்றிச் செயல்படுகிறது. 'குடும்ப உறவுகள்' என்ற தலைப்பின் கீழ் தி. ஜானகிராமனும் ஜெயகாந்தனும் வருவார்கள். பூமணியும் சிவகாமியும் 'விளிம்புநிலை இலக்கியம்' என்ற வேறு பலகையின் கீழ் அமர்த்தப்படுவார்கள். அவர்கள் எழுதியதும் தகப்பனையும் பிள்ளையையும் பற்றித்தான் என்பது எவருக்கும் உறைப்பதில்லை.

'அம்மா வந்தாள்' 1966-இல் வெளிவந்தது. அலங்காரத்தம்மாள் தன் குற்றவுணர்வுக்குக் கழுவாயாக மகன் அப்புவை வேதபாடசாலைக்கு அனுப்புகிறாள்; படிப்பு முடிந்து வீடு திரும்பும் மகன் தாயைப் பற்றிய உண்மையை எதிர்கொள்கிறான். இந்நாவலைப் பற்றி எழுதுவோர் தாய்-மகன் பிணைப்பு, ஆசை, பாவம், ஃபிராய்டு என்ற தடத்தில் செல்வது வழக்கம். அதில் தவறில்லை. நாவல் அதற்கு இடம் தருகிறது.

பூமணியின் 'வெக்கை' 1982-இல் வெளிவந்தது. பதினைந்து வயதுச் சிதம்பரம், தன் அண்ணனைக் கொன்றவனை வெட்டிவிட்டுத் தந்தையோடு தலைமறைவாகிறான். நாவலின் பெரும்பகுதி ஒரு தகப்பனும் மகனும் காட்டில் ஒன்றாக நடப்பதும், கிடைத்ததைச் சமைத்து உண்பதும், படுக்க இடம் தேடுவதுமாகச் செல்கிறது. பிள்ளை கையில் இரத்தம் பட்ட பின் அவனைப் பிள்ளையாகவே நடத்துவது எப்படி? தகப்பன் எடுக்கவேண்டிய முடிவைச் சிறுவன் எடுத்துவிட்ட பிறகு இருவரில் யார் யாருக்குக் காவல்? தமிழில் தந்தை-மகன் உறவு இவ்வளவு நெருக்கமாக எழுதப்பட்ட நாவல்கள் மிகச் சில. இருந்தும் 'வெக்கை'யைப் பற்றிய பேச்சு நிலம், சாதி, வன்முறை என்ற மூன்று சொற்களில் தொடங்கி அங்கேயே முடிந்துவிடுகிறது.

சிவகாமியின் 'பழையன கழிதலும்' 1989-இல் வெளிவந்தது. காத்தமுத்து தலித் தலைவர், இரு மனைவியரைக் கொண்டவர், நாவன்மை மிக்கவர், வீட்டில் கொடுங்கோலர். ஆதிக்கச் சாதியாரால் தாக்கப்பட்டு நியாயம் கேட்டு வந்த தங்கத்துக்காக வெளியே வழக்காடும் அதே மனிதர், வீட்டுக்குள் அவளைத் தன் வயப்படுத்திக்கொள்வதை மகள் கௌரி பார்க்கிறாள். தந்தையின் மீதான பெருமிதமும் அருவருப்பும் ஒரே நெஞ்சில் எப்படிக் குடியிருக்கும் என்ற கேள்வியே அந்நாவலின் உயிர். சிவகாமி பிற்காலத்தில் 'ஆசிரியர் குறிப்பு' என்ற பகுதியை எழுதித் தன் நாவலையே மறு விசாரணைக்கு உட்படுத்தினார். தந்தையை எழுதுவதென்பது எவ்வளவு சிக்கலானது என்று ஒரு படைப்பாளர் இவ்வளவு வெளிப்படையாகக் காட்டியிருக்கும்போது, ஆய்வுலகம் அந்நூலை 'தலித் பெண்ணியம்' என்ற ஒரே பெட்டியில் வைத்து மூடிவிட்டது.

இந்தப் பாகுபாடு எவ்வளவு பொய்யானது என்பதை அறிய ஊரிகத்தைப் பார்த்தாலே போதும்.

கர்நாடகத்தின் கோலார் மாவட்டத்தில், பங்காருப்பேட்டையிலிருந்து மாரிகுப்பம் செல்லும் இருப்புப்பாதையில், கோரமண்டலுக்கும் சாம்பியனுக்கும் இடையில் உள்ள நிலையம் ஊரிகம். 1880-களில் ஜான் டெய்லர் நிறுவனம் தங்கச் சுரங்கங்களைப் பெரிய அளவில் இயக்கத் தொடங்கிய பின், வட ஆர்க்காட்டுப் பகுதியிலிருந்தும் அதன் அண்டைப் பகுதிகளிலிருந்தும் மக்கள் இங்கு வந்து குடியேறினர். அவர்களுள் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட சாதியினர். 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து தங்கவயலுக்கு மின்சாரம் வந்தது. இந்தியாவின் பல பெருநகரங்கள் அதைக் காணாத காலம் அது. சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் மேலான ஆழத்தை எட்டியது. 1956-இல் அரசுடைமையாகி, பின்னர் பாரத் கோல்டு மைன்ஸ் என்ற மத்திய அரசு நிறுவனமாகி, 2001 பிப்ரவரி 28 அன்று மூடப்பட்டது. ஏறத்தாழ 120 ஆண்டுகளில் 800 டன் அளவுக்குத் தங்கம் வெளியேறிய மண் அது.

இந்த விவரங்கள் சமூக வரலாற்றுக்கு உரியவை என்றும் குடும்ப நாவலுக்கு இவற்றோடு தொடர்பில்லை என்றும் கருதுவோர் ஒரே ஒரு கேள்விக்கு விடை காணட்டும். ஊரிகத்தில் வீடு யாருடையது?

தமிழ்க் குடும்ப நாவலின் சண்டைகளில் பாதி வீட்டைச் சுற்றியவை. பூர்வீக வீடு, அடமானம், பாகப்பிரிவினை, பெண்ணுக்குப் பங்கு உண்டா இல்லையா என்ற வழக்கு ஆகியவை தந்தையின் அதிகாரத்துக்குச் சுவர்களாக நின்றன. லைன் வீடு அப்படிப்பட்டதன்று. தொடக்கத்தில் மூங்கில் தட்டிகளால் ஆன குடிசையாக இருந்து பின்னர் வரிசைக் குடியிருப்பாக மாறிய அந்த வீடு நிறுவனத்தின் உடைமை. வேலை இருக்கும்வரை வீடு. அங்கே ஒரு தகப்பன் 'என் வீட்டை விட்டு வெளியே போ' என்று மகனைச் சொல்ல முடியும். ஆனால் அந்த 'என்' என்ற சொல்லுக்குச் சட்டத்தில் இடமில்லை என்பது இருவருக்கும் தெரியும். சுரங்கம் மூடப்பட்ட பின்னும் வீட்டுரிமைக்கான கோரிக்கை தொடர்ந்தது என்பதே அந்தச் சொல்லின் வலியைக் காட்டும்.

வீட்டை விட்டுச்செல்ல இயலாத தகப்பன் எதை விட்டுச்செல்வான்? வேலையை. தந்தைக்குப் பின் மகன் என்று தலைமுறைகள் அந்தச் சுரங்கத்துக்குள் இறங்கின. அந்த வேலையே தந்தையின் நுரையீரலை அரித்தது. பாறைத்தூளைச் சுவாசித்து வரும் சிலிக்கோசிஸ் நோய் தங்கவயல் தொழிலாளரிடையே இருப்பதை 1940-களிலேயே மருத்துவர்கள் பதிவுசெய்துள்ளனர். ஆக, ஒரு தகப்பன் தன் பிள்ளைக்குத் தரக்கூடிய ஒரே சொத்தும், தரக்கூடிய பெருந்தீங்கும் ஒன்றாகவே இருந்தன. மகனுக்கு எப்பாடுபட்டேனும் வேலை வாங்கித் தர முயலும் தந்தையும், மகன் அந்தக் கூண்டில் ஏறி இறங்கவே கூடாதென்று அடம்பிடிக்கும் தந்தையும் ஒரே மனிதனுக்குள் வாழ முடியும். அன்பும் குற்றவுணர்வும் பிரிக்க முடியாதபடி பின்னிக்கிடக்கும் இந்த முடிச்சு உளவியல் ஆகாது என்றால் வேறெது உளவியல்?

பாறை வெடிப்பையும் எண்ணிப் பார்க்க வேண்டும். ஆழத்தில் அழுத்தம் தாங்காமல் பாறை வெடித்துச் சிதறும்போது மேலே உள்ள வீடுகளும் அதிரும். எந்தப் பாளியில் யார் வீட்டுக்காரர் உள்ளே இருக்கிறார் என்பது ஒவ்வொரு வீட்டுக்கும் தெரியும். காலடித் தரை அதிரும்போதெல்லாம் தாயின் முகத்தைப் பார்த்து வளரும் குழந்தை, தந்தையைப் பற்றி எத்தகைய உணர்வைக் கொள்ளும்? அவர் உயிரோடு திரும்பிவிட்டார் என்ற நிம்மதியும், திரும்பியவர் குடித்துவிட்டு அடிக்கிறார் என்ற வெறுப்பும் ஒரே மாலையில் வந்து சேர்ந்தால் அந்தக் குழந்தை எதை வைத்துக்கொள்ளும், எதை விழுங்கும்? இந்தக் கேள்விகளைக் கேட்காமல், 'தொழிலாளர்களின் குடிப்பழக்கமும் குடும்பச் சீரழிவும்' என்று ஒரு துணைத்தலைப்பை இட்டுக் கடந்துபோவதற்கு ஆய்வு என்று பெயர் சூட்டுவது ஆய்வையே அவமதிப்பதாகும்.

2001-க்குப் பின் நிலைமை தலைகீழானது. பகல் முழுதும் சுரங்கத்தில் இருந்த தந்தை பகல் முழுதும் வீட்டில் இருந்தார். விடியுமுன் ரயிலேறிப் பெங்களூருவுக்குச் சென்று இரவு திரும்பும் வாழ்க்கை பிள்ளைகளுடையதாயிற்று. கூலி வரும் திசை மாறியது. கூலியோடு சேர்ந்து சொல்லுக்கான எடையும் இடம் மாறியது. சம்பாதிக்கும் மகளிடம் பீடிக்குக் காசு கேட்கத் தயங்கும் தகப்பனின் மௌனம் ஒரு நாவலுக்குப் போதுமான பொருள்.

மொழியின் தளத்திலும் இதையே காணலாம். வடார்க்காட்டு வழக்கில் தந்தையை 'நைனா' என்று அழைப்போர் உண்டு. வட்டார நாவல்களைப் பற்றிய ஆய்வேடுகளில் இத்தகைய சொற்களுக்கு உரிய இடம் பின்னிணைப்பு: 'நைனா – தந்தை' என்று ஒரு வரி, அத்தோடு சரி. உறவுச்சொல் வெறும் அகராதிப் பொருள் கொண்டதன்று. அது உறவின் தூரத்தை அளக்கும் கோல். பள்ளிக்குப் போன பிள்ளை எந்த வயதில் 'நைனா'வை விட்டு 'அப்பா'வுக்கு மாறுகிறது? 'நீ' எப்போது 'நீங்க' ஆகிறது, அது மரியாதையா விலகலா? நண்பர்கள் வீட்டுக்கு வரும்போது மட்டும் மாறுகிறதா? தமிழும் தெலுங்கும் கன்னடமும் புழங்கும் தங்கவயலில், தமிழ் மட்டும் படிக்கத் தெரிந்த தந்தைக்கும் ஆங்கிலமும் கன்னடமும் படிக்கும் பேரப்பிள்ளைக்கும் இடையில் என்ன மிஞ்சுகிறது? இக்கேள்விகளைத் தொடாத வட்டார வழக்கு ஆய்வு சொற்களை எண்ணிப் பார்த்திருக்கிறது, பேசியவர்களைக் கவனிக்கவில்லை.

இம்மக்களுக்கு எழுத்தும் சிந்தனையும் வெளியிலிருந்து வந்து சேர்ந்தவை என்ற எண்ணமும் பொய். அயோத்திதாசரின் எழுத்துகளை நூல்களாக வெளியிட்டுக் காத்த சித்தார்த்தா புத்தகசாலை சாம்பியன் ரீப்ஸில்தான் இயங்கியது. மாரிகுப்பத்தில் பௌத்த சங்கம் இருந்தது. சுரங்கத்துக்குள் இறங்கிய கைகள் அச்சுக்கோத்த ஊர் இது. தம் வாழ்வைப் பற்றித் தாமே வாதிட்டு எழுதிய ஒரு மக்கள் கூட்டத்துக்கு அகவாழ்வு இல்லை என்று முடிவுகட்டுவதற்கு ஆய்வாளர் எவருக்கும் உரிமை இல்லை.

இங்கே ஒரு மறுப்பு எழக்கூடும். குடும்பத்தைக் கூலிக்குள் அடக்கிவிடும் பழைய வாய்பாட்டுக்குத் திரும்பச் சொல்வதுபோல் இது தோன்றலாம். தாய்-மகன் உறவைச் சம்பளப் பட்டியலால் விளக்கிவிட முடியுமா என்று கேட்கலாம். முடியாது. அப்படி விளக்கிய திறனாய்வு தமிழில் ஏராளமாக உண்டு. அதனால் நாவல்களுக்கு நேர்ந்த சேதமும் ஏராளம். இங்கு வைக்கப்படும் வாதம் அதற்கு நேரெதிரானது. கூலியும் வீடும் வேலைநேரமும் மனத்துக்கு மாற்றாக நிற்பவை ஆகா; மனம் உருவாகும் பட்டறை அவை. அந்தப் பட்டறையை ஒரு சாராரின் நாவலில் மட்டும் தேடுவதும், மறு சாராரின் நாவலில் அது இருப்பதையே காணாதிருப்பதும்தான் குற்றச்சாட்டு.

இந்தக் குற்றச்சாட்டுக்கு ஆங்கிலத் துறைகளே சான்று தருகின்றன. டி. எச். லாரன்ஸின் 'சன்ஸ் அண்ட் லவ்வர்ஸ்' 1913-இல் வெளிவந்தது. தாய்க்கும் மகனுக்கும் இடையிலான மீள முடியாத பிணைப்புக்கு முதல் எடுத்துக்காட்டாக வகுப்பறைகளில் நடத்தப்படும் நாவல் அது. 1916-லேயே ஆல்ஃபிரட் கட்னர் அதற்கு ஃபிராய்டிய விளக்கம் எழுதிவிட்டார். ஆனால் அந்தக் குடும்பம் எது? நாட்டிங்ஹாம்ஷர் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் குடும்பம். வால்டர் மோரல் நிலக்கரி வெட்டுபவர், குடிப்பவர், கூலியில் ஒரு பகுதியைத் தனக்கென்று ஒதுக்கிக்கொள்பவர். மகன் பால், வெள்ளிக்கிழமைகளில் தந்தையின் கூலியை வாங்கச் சுரங்க அலுவலகத்தில் கூட்டத்தோடு நின்று கூசிப்போகிறான். தன் பிள்ளைகள் சுரங்கத்துக்குள் இறங்கக் கூடாது என்பதில் தாய் உறுதியாக நிற்கிறாள். தந்தையோ, வீட்டில் செருப்புத் தைக்கும்போதும், வெடித்திரி செய்யும்போதும், சுரங்கத்துக் குதிரைகளின் கதையைச் சொல்லும்போதும் மட்டும் பிள்ளைகளுக்கு நெருக்கமாகிறார். இவற்றை நீக்கிவிட்டால் அந்நாவலில் தாய்ப்பாசமும் மிஞ்சாது.

ஆக, நாட்டிங்ஹாம்ஷரின் சுரங்கத் தொழிலாளி வீட்டுக்குத் தமிழகத்து வகுப்பறையில் ஈடிபஸ் சிக்கல் வரை அனுமதி உண்டு. ஊரிகத்தின் சுரங்கத் தொழிலாளி வீட்டுக்கு 'வாழ்வியல் சிக்கல்கள்' என்ற தலைப்போடு வாசல் அடைக்கப்படுகிறது. இரண்டும் சுரங்கம், இரண்டும் கூலி வீடு. இடையில் உள்ள வேறுபாடு சாதி என்பதைச் சொல்ல ஏன் இவ்வளவு தயக்கம்?

எதிர்த்திசையிலும் இதே அளவுகோலைப் பொருத்த வேண்டும். அலங்காரத்தம்மாளின் கணவர் தண்டபாணி பத்திரிகையில் பிழைதிருத்தும் வேலை பார்ப்பவர். சிவசுவோ நிலமும் வசதியும் உள்ளவர். இந்த ஏற்றத்தாழ்வை விலக்கி அந்த வீட்டின் மௌனத்தைப் புரிந்துகொள்ள முடியுமா? 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலின் கங்கா, வீட்டாரால் துரத்தப்பட்ட பின் படித்து வேலைக்குப் போய்ச் சம்பாதிப்பவள். தாய் கனகம் மகளின் சம்பளத்தில் வாழ்பவள். தாய்க்கும் மகளுக்கும் இடையிலான ஒவ்வொரு சொல்லிலும் அந்தச் சம்பளம் ஒலிக்கிறது. இமையத்தின் 'செல்லாத பணம்' தலைப்பிலேயே இதைச் சொல்லிவிடுகிறது. பொறியியல் படித்த ரேவதி பெற்றோரை மீறி ஆட்டோ ஓட்டும் ரவியை மணக்கிறாள். பின்னர் தீக்காயங்களோடு மருத்துவமனையில் கிடக்கிறாள். தலைமை ஆசிரியரான தந்தையின் பணம் அந்த வார்டின் வாசலில் பயனற்று நிற்கிறது. பேசாமல் கழித்த ஆண்டுகளைப் பணத்தால் மீட்க முடியாது என்று ஒரு தகப்பன் அறியும் கணத்தில் வர்க்கமும் மனமும் எங்கே பிரிகின்றன? 2020-க்கான சாகித்திய அகாதெமி விருது பெற்ற அந்நாவலை இரு பலகைகளில் எதன் கீழ் வைப்பது என்று துறைகள் திணறினால், பிழை பலகைகளிலேயே உள்ளது.

திரைப்படமும் இதே பாகுபாட்டைப் பெருக்கிக் காட்டியது. தங்கவயலின் பெயரை நாடு முழுதும் கொண்டுசென்ற 2018-ஆம் ஆண்டுக் கன்னடப் படம், இறக்கும் தாய்க்கு மகன் அளித்த வாக்கை அச்சாகக் கொண்டது. தாயும் மகனும் என்ற உறவின் முழு உணர்ச்சியும் நாயகனுக்கு உரியது. சுரங்கத்தில் உழைப்போர் அவனால் மீட்கப்படக் காத்திருக்கும் திரள். வணிகப் படத்தை இதற்காகக் கடிந்துகொள்ளும் ஆய்வாளர்கள், தங்கள் இயல் பகுப்பும் அதையே செய்கிறது என்பதை எண்ணிப் பார்ப்பது நல்லது. நாயகனுக்குத் தாய்; மற்றவர்களுக்குத் துயரம் என்பதே இரண்டிலும் உள்ள கணக்கு.

செய்யவேண்டியது மிகையானதன்று. குடும்ப உறவு பற்றிய பாடத்தில் 'அம்மா வந்தாள்' இருக்குமானால் 'வெக்கை'யும் 'பழையன கழிதலும்' அதே அலகில், அதே கேள்விகளோடு இருக்க வேண்டும். விளிம்புநிலை பற்றிய பாடத்தில் சாதி ஆராயப்படுமானால், அக்கிரகாரத்து நாவலிலும் அது ஆராயப்பட வேண்டும். ஆதிக்கச் சாதியின் குடும்பமும் சாதியால் ஆன குடும்பமே. எந்த நாவலை எடுத்தாலும் வீடு யாருடையது, கூலி யார் கைக்கு வருகிறது, பிள்ளைக்கு எது விடப்படுகிறது, பிள்ளை பெற்றோரை என்ன சொல்லி அழைக்கிறது என்ற நான்கு கேள்விகளையும் கேட்டுவிட்டுப் பிறகு மனத்தைப் பற்றிப் பேசலாம். பின்னிணைப்பில் கிடக்கும் உறவுச்சொற்களை இயலுக்குள் கொண்டுவரலாம்.

ஊரிகத்திலிருந்து ரயிலேறி வரும் ஒரு மாணவி, சுரங்கத் தொழிலாளர் குடும்பங்களில் தந்தை-மகள் உறவை ஆய்வுத் தலைப்பாக முன்வைத்தால், நெறியாளர் அதை 'தங்கவயல் தொழிலாளர்களின் சமூகப் பொருளாதார நிலை' என்று திருத்திக் கொடுக்கக் கூடும். அந்தத் திருத்தத்தில் மறைவது ஒரு தலைப்பு மட்டுமன்று. தன் தகப்பனைப் பற்றித் தான் அறிந்ததெல்லாம் அறிவு எனப்படாது என்று அவளுக்குக் கற்பிக்கப்படுகிறது. அத்தகைய திருத்தத்தை ஏற்க மறுக்கும் துணிவு மாணவருக்கு வரவேண்டும். அதற்கு முன், திருத்த நீளும் பேனாவை மூடிவைக்கும் நேர்மை துறைகளுக்கு வரவேண்டும்.